புல் முளைக்காத நகரமும் புளூ வேலி லயமும்

அந்த நாவலில் வரும் நகரத்துக்குள் இயற்கைக்கு இடமே இல்லை. சுற்றிலும் மதில். மதிலுக்கு அப்பால் காடு. காட்டில் உண்ணி, கடித்தால் உயிரைக் குடிக்கும் நோய். அந்த நோய் அண்டாத உடம்போடு பிறந்தவர்கள் ஜூனிப்பர் என்ற சிறுமியும் அவள் தம்பியும். ஒருநாள் அவள் தம்பியின் கையைப் பிடித்துக்கொண்டு மதிலைத் தாண்டி, பெற்றோரைத் தேடிக் காட்டுக்குள் நடக்கத் தொடங்குகிறாள். நிக்கோலா பென்ஃபோல்ட் எழுதிய 'வேர் தி வேர்ல்ட் டர்ன்ஸ் வைல்ட்' 2020 பிப்ரவரியில் வெளிவந்தது. மார்ச் 18-ஆம் தேதி மலேசியாவில் நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை தொடங்கி, பெட்டாலிங் ஜெயாவில் ஓர் அடுக்குமாடி வீட்டுக்குள் என் பேத்தியும் பேரனும் அடைபட்டார்கள். அந்த மாதங்களில்தான் பேத்தி இந்தக் கதையைத் தொலைபேசி வழியாக எனக்குச் சொல்லிக்கொண்டு வந்தாள். ஆங்கிலத்தில் வாசித்துவிட்டு அவளுக்குத் தெரிந்த தமிழில் சொல்வாள். ஜூனிப்பரும் தம்பியும் மதிலைத் தாண்டிய அன்று கேட்டாள்: "தாத்தா, நீங்க சின்னப் பிள்ளையில காட்டுலதானே இருந்தீங்க? அங்க என்ன சாப்பிட்டீங்க?"

மலேசிய மலைநாட்டில், கம்போங் ராஜாவில் புளூ வேலி தேயிலைத் தோட்டத்து லயத்தில் பிறந்தவன் நான். அறுபதுகளின் தொடக்கம். லயத்தின் கடைசி வீட்டுக்குப் பின்னால் கோழிக்கூடு, அதற்குப் பின்னால் ஒரு வாய்க்கால், அதைத் தாண்டினால் காடு. நடுவில் வேலி கிடையாது. விடியுமுன் அம்மாவும் அப்பாவும் பெரட்டுக்குப் போய்விடுவார்கள். மூடுபனியில் அம்மாவின் கொழுந்துக் கூடை நாலு எட்டில் மறைந்துவிடும். அதற்குப் பிறகு எனக்கும் தங்கச்சிக்கும் அக்காதான் எல்லாம். அவளுக்கு அப்போது பத்து வயது இருக்கும்.

விறகு பொறுக்கவும் கீரை பறிக்கவும் காட்டோரம் போவோம். போகுமுன் அக்கா எங்கள் கால்களை இழுத்து வைத்துச் சவர்க்காரத்தை அழுத்தித் தேய்ப்பாள், அட்டை ஏறாமல் இருக்க. நடக்கும்போது தங்கச்சி நடுவில்; அக்கா முன்னால்; நான் பின்னால். பெரணி இலைகளை வெளுத்த அடிப்பக்கம் மேலே தெரியும்படி மடித்துவிட்டுக்கொண்டே வருவது என் வேலை. திரும்பும்போது அந்த வெளுப்பைப் பார்த்துக்கொண்டே வீடு வந்துவிடலாம். ஓடைக்கரையில் புச்சுக் பாக்கு என்ற பெரணி காடாக வளர்ந்திருக்கும். சுருள் விரியாத கொழுந்தாகப் பார்த்து நகத்தால் கிள்ள வேண்டும். டக்கென்று ஒடிந்தால் பிஞ்சு, வளைந்து கொடுத்தால் முற்றல். கொழுந்தெடுக்கும் அம்மாவின் விரல் அக்காவுக்கு அப்படியே வாய்த்திருந்தது. நாங்கள் ஒன்று கிள்ளுவதற்குள் அவள் மடி நிறைந்துவிடும். ராத்திரி நெத்திலியும் மிளகாயும் போட்டு அம்மா வதக்கினால் சோறு தானாக இறங்கும்.

தெரிசுப் பக்கமிருந்து செமாய்ப் பூர்வகுடி மக்கள் பெத்தாய்க் காயும் தேனும் பிரம்பும் கொண்டு வருவார்கள். உப்பும் புகையிலையும் கருவாடும் வாங்கிக்கொண்டு போவார்கள். அவர்களோடு வரும் பையன் ஒருவன் மூங்கில் கணுக்களை விரல் முட்டியால் தட்டித் தட்டி, சத்தம் மாறும் இடத்தில் பாராங் கத்தியால் ஒரு வெட்டு வெட்டுவான். உள்ளே தண்ணீர் இருக்கும். எத்தனையோ முறை தட்டிப் பார்த்தும் அந்தச் சத்தம் என் காதுக்குப் பிடிபடவில்லை. அக்காவுக்குப் பிடிபட்டது.

இதையெல்லாம் நாங்கள் சாகசம் என்று நினைக்கவில்லை. சாகசம் என்றால் அம்புலிமாமாவில் வரும் ராஜகுமாரர்கள் செய்வது. அப்பா ஈப்போவிலிருந்து அம்புலிமாமா கொண்டு வரும் நாளில் லயமே எங்கள் வீட்டு வாசலில் உட்கார்ந்திருக்கும்.

எங்களுக்குத் தெரிந்த பயங்கரக் கதை ஒன்றுதான். அது புத்தகத்தில் இல்லை, சின்னப் பாட்டியின் வாயில் இருந்தது. பாட்டி பேராக்கில் ஒரு ரப்பர்த் தோட்டத்தில் வளர்ந்தவள். 1941 டிசம்பரில் ஜப்பான்காரன் மலாயாவுக்குள் வந்தான். சயாமுக்கும் பர்மாவுக்கும் இடையே 415 கிலோமீட்டர் ரயில் பாதை போடத் தோட்டம் தோட்டமாக ஆள் பிடித்தான். பாட்டியின் அப்பாவும் அண்ணனும் அந்த லோரியில் ஏறினார்கள். பாதை 1943 அக்டோபரில் முடிந்தது; அவர்கள் திரும்பவில்லை. பாட்டியின் அம்மாவைக் காய்ச்சல் கொண்டு போயிற்று. பெரியவளாக நின்றவள் பாட்டிதான், கீழே இரண்டு தம்பிகள். அரிசி கிடையாது. லயத்துக்குப் பின்னால் மரவள்ளிக் குச்சியை நட்டாள். கிழங்கு விளையும்வரை இலையை அவித்துத் தின்றார்கள். கசப்பு மரவள்ளி விஷம் என்பது அவளுக்குத் தெரியும். தோலைச் சீவி, ஊறவைத்து, அவித்த தண்ணீரைக் கொட்டினாள். பக்கத்து லயத்தில் அது தெரியாத வீடு ஒன்று இருந்தது என்று சொல்லும்போது மட்டும் பாட்டியின் குரல் நின்றுவிடும். அதற்கு மேல் நாங்களும் கேட்க மாட்டோம்.

இந்தக் காலத்தை ஆர். சண்முகம் 'சயாம் மரண ரயில்' நாவலிலும், அ. ரெங்கசாமி 'நினைவுச் சின்னம்' நாவலிலும் எழுதினார்கள். இரண்டும் பெரியவர்களுக்கானவை. கதிகலங்கிய ஓர் உலகத்தில் தம்பிகளை இடுப்பில் தூக்கிக்கொண்டு உயிரோடு மீண்ட ஓர் அக்காவின் கதையாக, பத்து வயதுப் பிள்ளை படிக்கும்படி அதை எழுதியிருந்தால், இங்கிலாந்திலிருந்து வரும் எந்த நாவலுக்கும் அது குறைந்திருக்காது என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

அப்பாவுக்கு ஒரே வைராக்கியம்: பிள்ளைகள் கொழுந்துக் கூடையைத் தொடக் கூடாது. பள்ளி முடித்த பிள்ளைகள் பாதிக் கூலிக்குப் பெயர் கொடுக்கப் போவதைப் பார்த்துப் பார்த்து வந்த வைராக்கியம் அது. அவர் சொன்னது நியாயம். கூடவே இன்னொன்றும் சொன்னார்: காட்டுக்குப் போகாதே, அட்டையோடு வராதே, பாடத்தைப் படி. என்னையும் தங்கச்சியையும் தானா ராத்தாவில் படிக்க வைத்தார். நான் ஆசிரியராகிச் சமவெளிக்கு இறங்கினேன், தங்கச்சி தாதியாகி ஈப்போவுக்குப் போனாள். அக்காவுக்கு மட்டும் அந்தப் படிப்பு கிடைக்கவில்லை. எங்களைப் பார்த்துக்கொள்ள ஒருவர் வேண்டியிருந்தது. அவள் கூடை தூக்கினாள், பிறகு கொழுந்து வெட்டும் கத்தரிக்கோல் பிடித்தாள், அங்கேயே கட்டிக்கொடுத்தார்கள், இன்றும் கம்போங் ராஜாவில்தான் இருக்கிறாள்.

அப்பா எங்களைக் காட்டிலிருந்து பிரித்தெடுக்க இருபது வருடம் உழைத்தார். என் மகள் இப்போது தன் பிள்ளைகள் மண்ணைத் தொட வேண்டும் என்று வார இறுதி முகாம்களுக்குப் பணம் கட்டுகிறாள். அங்கே ஒரு பயிற்றுநர் கயிறு கட்டவும் கூடாரம் போடவும் சொல்லிக்கொடுக்கிறார். பிள்ளைகள் ஆசையோடுதான் போகிறார்கள். பெரணி ஒடியும் சத்தத்தை மட்டும் அங்கே யாரும் சொல்லிக்கொடுப்பதில்லை. எனக்கு அது வலிக்கிறது. முகாமின் மேல் எனக்குக் குறையில்லை. ஒரு தலைமுறைக்குள் எங்கள் வீட்டிலேயே அந்தச் சங்கிலி அறுந்து போனதுதான் வலி.

நாவலில் வரும் மதிலை ஏதோ ஓர் அதிகாரம் கட்டுகிறது. கம்போங் ராஜாவில் யாரும் மதில் கட்டவில்லை. சிம்பாங் பூலாய் சாலை வந்தது. அதுவரை மலைக்கு ஏற தாப்பா வழி ஒன்றுதான், 1931-இல் முடிந்த அந்தப் பழைய வளைவுச் சாலை. புதிய சாலை வந்ததும் ஈப்போ பக்கத்தில் வந்துவிட்டது, அந்தப் பக்கம் லோஜிங் வழியாகக் குவா மூசாங்கும் திறந்துகொண்டது. காய்கறி லோரிகள் ராத்திரி முழுக்க ஓடின. தேயிலை இருந்த சரிவிலும், காடு இருந்த சரிவிலும் பிளாஸ்டிக் கூரைகள் ஏறின. தக்காளிக்கும் குடைமிளகாய்க்கும் மழை நேராகப் படக் கூடாது. செவ்வந்திப் பூவுக்கு வேறொன்று வேண்டும்: பகல் குறுகினால் அது மொட்டு விட்டுவிடும் என்பதால், தண்டு நீளும்வரை இரவிலும் விளக்குப் போட்டு அதை ஏமாற்ற வேண்டும். ராத்திரி அக்கா வீட்டு வாசலில் நின்றால் எதிர் மலை முழுக்கக் கூரைகளுக்கு அடியில் விளக்கு எரிகிறது. செடிகள் மழையைக் காணவில்லை, இருட்டையும் காணவில்லை. கண்ணாடிக் கூண்டுக்குள் வளரும் எதிர்கால உலகத்தை எழுதுகிறவர்கள் இந்த மலையைப் பார்த்திருந்தால், எதிர்காலம் என்று எழுதியிருக்க மாட்டார்கள்.

காட்டில் விழும் மழையை இலையும் பாசியும் வேரும் வாங்கி மெல்ல மெல்ல விடும். பிளாஸ்டிக்கில் விழும் மழை மொத்தமும் ஒரே நேரத்தில் இறங்கி, போகிற வழியில் இருக்கும் மண்ணையும் வாரிக்கொண்டு போகும். நாங்கள் கூழாங்கல் எண்ணிய ஓடை இப்போது பால் ஊற்றிய தேநீர் நிறத்தில் ஓடுகிறது. அது தெலோம் ஆற்றில் சேர்கிறது. தெலோம் நீரை மலைக்குள் குடைந்த சுரங்கம் வழியாகப் பெர்த்தாம் ஆற்றுக்குத் திருப்பியிருக்கிறார்கள், மின்சாரத்துக்காக. அது போய்ச் சேருமிடம் ரிங்லெட்டில் 1963-இல் முடிந்த சுல்தான் அபு பாக்கார் அணை. மலையின் மண் வருடக்கணக்கில் அந்த அணைக்குள் படிந்து நீர் நிற்க வேண்டிய இடத்தைத் தின்றது. 2013 அக்டோபர் 23-ஆம் தேதி கடும் மழையில் அணையைக் காப்பாற்றத் தண்ணீரைத் திறந்தார்கள். கீழே பெர்த்தாம் பள்ளத்தாக்கில் வீடுகளும் உயிர்களும் போயின. 2024 ஜனவரி 26 விடியுமுன் புளூ வேலியிலேயே, எங்கள் புளூ வேலியிலேயே, மண் சரிந்து மியன்மார் தொழிலாளர் ஐந்து பேரைப் புதைத்தது. தூர தேசத்திலிருந்து பிழைக்க வந்து, தோட்ட வேலை செய்து, அசந்து தூங்கிக்கொண்டிருந்தவர்கள். நூறு வருடத்துக்கு முன் எங்கள் பாட்டன்மார் வந்ததும் அப்படித்தான்.

பேத்தியிடம் இதை எப்படிச் சொல்வது என்று எனக்குக் குழப்பம் இருந்தது. அவள் படித்த இன்னொரு நாவல் உதவியது. சீதா பிரம்மச்சாரி 2019-இல் எழுதிய 'வேர் தி ரிவர் ரன்ஸ் கோல்ட்'. தேனீக்கள் அழிந்துபோன உலகம். பிள்ளைகளைப் பண்ணைக்கு அனுப்பிக் கையால் மகரந்தம் சேர்க்க வைக்கிறார்கள். உடன்பிறப்புகளான ஷிஃபாவும் தெம்பாவும் அங்கிருந்து தப்பி வீட்டுக்கு வழி தேடுகிறார்கள். "பிள்ளைங்களை வேலைக்கு அனுப்புவாங்களா, தாத்தா?" என்றாள். அனுப்பினார்கள் என்று சொன்னேன். உன் பெரிய பாட்டி கூடை தூக்கியபோது அவளுக்கு உன் வயதைவிட ரொம்பக் கூட இல்லை என்றேன். நெடுநேரம் கேள்வி மேல் கேள்வியாகக் கேட்டாள். கதையாக அவளுக்குப் புரியாத ஏதோ ஒன்று உறவுமுறையாகப் புரிந்தது.

இந்த வகை நாவல்களின் மேல் எனக்கு மதிப்பு உண்டு, ஒரு வருத்தமும் உண்டு. நகரத்துப் பிள்ளை காட்டுக்குள் காலடி வைத்ததும் காடு அதை ஏற்றுக்கொள்கிறது, ஆறு வழி சொல்கிறது, பழம் கைக்கு வருகிறது. உண்மைக் காடு அப்படி இல்லை. கம்போங் ராஜாவிலிருந்து லோஜிங் வழியாகப் போனால் வருவது குவா மூசாங் வட்டாரம். அங்கே போஸ் தொஹோயில் 2015 ஆகஸ்ட் 23-ஆம் தேதி பள்ளி விடுதியிலிருந்து ஏழு தெமியார்ப் பூர்வகுடிப் பிள்ளைகள் காணாமல் போனார்கள். ஏழு வயதிலிருந்து பதினொரு வயதுக்குள் இருந்த பிள்ளைகள். ஆற்றில் குளித்ததற்குத் தண்டனை வருமென்று பயந்து காட்டுக்குள் ஓடினார்கள். அக்டோபர் 9-ஆம் தேதி, 47 நாள் கழித்து, இரண்டு சிறுமிகள் உயிரோடு கிடைத்தார்கள், எலும்பும் தோலுமாக. பழங்களையும் புல்லையும் தின்று, ஆற்று நீரைக் குடித்து உயிரைப் பிடித்து வைத்திருந்தார்கள். மற்ற ஐந்து பிள்ளைகள் திரும்பவில்லை. அந்தச் செய்தி வந்த நாள்களில் அக்கா சரியாகச் சாப்பிடவில்லை. "காட்டுப் பிள்ளைங்கதானே, எப்படிடா செத்துச்சுங்க?" என்று திரும்பத் திரும்பக் கேட்டாள்.

நான் அதைப் பற்றி நிறைய யோசித்திருக்கிறேன். காட்டில் பிறந்துவிட்டால் காடு தெரிந்துவிடாது. யாராவது கூட நடந்து சொல்லிக்கொடுக்க வேண்டும். ஏழு வயதில் விடுதிக்குப் போகும் பிள்ளையோடு அந்த வயதில் யார் நடப்பது? தாத்தா ஊரில் இருக்கிறார், பிள்ளை பள்ளிப் படுக்கையில் இருக்கிறது. படிப்பும் வேண்டும்தான், நான் ஆசிரியன், அதை மறுக்க மாட்டேன். ஆனால் படிப்பைக் கொடுக்கிறோம் என்று சொல்லி, உயிர் காக்கும் இன்னொரு படிப்பை அந்தப் பிள்ளைகளின் கையிலிருந்து வாங்கிவிட்டோம். அதோடு பெரியவர்களைக் கண்டு காட்டுக்கு ஓடும் அளவுக்குப் பயத்தையும் கொடுத்தோம்.

அந்தப் படிப்பு கையில் இருந்த பிள்ளைகளும் உண்டு. கொலம்பியாவில் 2023 மே 1-ஆம் தேதி அமேசான் காட்டில் சிறு விமானம் ஒன்று விழுந்தது. தாய் இறந்துபோக, நான்கு பிள்ளைகள் மிஞ்சினார்கள். மூத்தவளுக்குப் பதின்மூன்று வயது, கடைசி கைக்குழந்தை. நாற்பது நாள் கழித்து நால்வரையும் உயிரோடு மீட்டார்கள். ஹுயிட்டோட்டோ இனத்துப் பிள்ளைகள். விமானத்தில் இருந்த மரவள்ளி மாவை முதலில் தின்றார்கள். அது தீர்ந்த பிறகு காட்டு விதைகளும் பழங்களும். எதைத் தின்னலாம் என்பது வீட்டுப் பெரியவர்கள் சொல்லிக்கொடுத்தது. அக்காள் அதைத் தம்பி தங்கைகளுக்குப் பார்த்துப் பார்த்துக் கொடுத்தாள். மரவள்ளி என்ற சொல்லை அந்தச் செய்தியில் கேட்டதும் எனக்குப் பாட்டியின் நினைவு வந்து உடம்பு சிலிர்த்துவிட்டது.

எனக்கு ஓர் ஆசை. எங்கள் மலையில் நடக்கும் ஒரு சாகச நாவல் தமிழில் வர வேண்டும். மலேசியாவில் அதற்கு வழி போடப்பட்டிருக்கிறது, கே. பாலமுருகன் 'மர்மக் குகையும் ஓநாய் மனிதர்களும்' எழுதியபோது நம் பிள்ளைகள் அதை எப்படிப் படித்தார்கள் என்று வகுப்பில் பார்த்திருக்கிறேன். மதிய உணவு மணி அடித்தும் எழுந்திருக்காத பையன்கள் இருந்தார்கள். கம்போங் ராஜா நாவலில் இயற்கை என்று பொதுவாக எழுதிவிட்டுப் போகக் கூடாது. புச்சுக் பாக்கு வர வேண்டும், அட்டை வர வேண்டும், மூங்கில் சத்தம் வர வேண்டும். வழி காட்டுகிறவன் மாயக் கிழவனாக இருக்கக் கூடாது. தெரிசிலிருந்து வரும் ஒரு செமாய்ச் சிறுவனாக, அவனுக்கும் ஒரு வீடும் பசியும் பள்ளிக்கூடமும் உள்ளவனாக இருக்க வேண்டும். பிளாஸ்டிக் கூரைக்கு அடியில் வேலை செய்யும் மியன்மார் அண்ணன் ஒருவனும் வேண்டும்.

இதைப் பேத்தியிடம் சொன்னேன். நீங்க எழுதுங்க தாத்தா என்பாள் என்று நினைத்தேன். அவளே ஒரு நோட்டை எடுத்துவிட்டாள்.

சென்ற பள்ளி விடுமுறையில் பேத்தி, பேரன் இருவரையும் அக்கா வீட்டுக்குக் கூட்டிப் போனேன். மறுநாள் காலையில் அக்கா அவர்கள் கால்களில் சவர்க்காரம் தேய்த்துக் கூட்டிக்கொண்டு போனாள். ஓடைக்கரையில் பெரணி இன்னும் அதே போலத்தான் வளர்ந்திருந்தது. பேரன் குனிந்து கிள்ளப் போனான். அக்கா அவன் கையைத் தட்டிவிட்டாள்.

"அதைத் தொடாத ராசா. மேல இருந்து மருந்துத் தண்ணி வருது. பார்க்கப் பச்சையாத்தான் இருக்கும்."

தோட்டத்துக் கால்வாய் அந்த ஓடையில்தான் விழுகிறது. அக்கா அங்கே நிற்கவில்லை. கூரைகளைச் சுற்றிக்கொண்டு, மருந்துத் தண்ணீர் எட்டாத கிளை ஓடை ஒன்றைத் தேடி மேலே ஏறினாள். முட்டி வலியோடு ஏறினாள், பிள்ளைகள் நடுவில், நான் பின்னால். மேலே போனதும் மூச்சு வாங்க உட்கார்ந்து, ஒரு கொழுந்தைக் கிள்ளி இருவர் காதருகிலும் பிடித்து ஒடித்துக் காட்டினாள். அன்று நாங்கள் கொண்டு வந்தது ஒரு கைப்பிடிதான். வதக்கினால் ஒருவருக்குக்கூடப் போதாது. நான்கு பேரும் தின்றோம்.

பேத்தியின் நோட்டில் இப்போது அக்காவும் தம்பியும் லயத்தை விட்டுக் கிளம்பிவிட்டார்கள். காய்கறி லோரிகள் ஓடும் சிம்பாங் பூலாய் சாலையை ராத்திரியில் கடந்தாக வேண்டும். அதற்குப் பிறகு எந்த ஓடையைப் பிடித்து ஏறுவது என்பதில் கதை நிற்கிறது. என்னைக் கேட்டாள். எனக்குச் சரியாகத் தெரியவில்லை. அக்காவுக்குப் போன் போட்டாள். அக்கா அரை மணி நேரம் பேசினாள்: உப்பு எடுத்துக்கொண்டார்களா, தீப்பெட்டியை எதில் சுற்றினார்கள், தம்பிக்குச் செருப்பா பூட்ஸா என்று வரிசையாக விசாரித்தாள். ஓடையை மட்டும் போனில் சொல்ல முடியாது, வந்தால் காட்டுகிறேன் என்றிருக்கிறாள். அடுத்த விடுமுறைக்குப் போகிறோம்.